முதிய பூனையின் நகமும் நமது பொறுப்பும்

பூனையின் நகம் அதன் ஆயுதம் என்பது யாவரும் அறிந்த செய்தி. எலியைப் பற்றுவதற்கும், மரத்தின்மீது ஏறுவதற்கும், துரத்தும் நாயினின்று தப்புவதற்கும் இயற்கை அதற்கு அளித்த கருவி அது. ஆயினும், அதே நகம் முதுமைக் காலத்தில் வளைந்து வளர்ந்து, அப்பிராணியின் சொந்தப் பாதத்தையே துளைத்து உட்செல்லக் கூடும் என்பதைப் பலர் அறியார். பத்தாண்டுகளைக் கடந்து, மூட்டுகள் இறுகி, நாளின் பெரும்பகுதியை ஒரே மூலையில் படுத்துக் கழிக்கும் பூனைகள் இன்று நம் நகரங்களில் பல வீடுகளில் உள்ளன. அவற்றின் நகத்தை வெட்டிவிடுதல் வெறும் அலங்காரம் என்று சிலர் எண்ணுகின்றனர். இயற்கையின் காரியத்தில் மனிதன் தலையிடலாகாது என்பர் வேறு சிலர். இவ்விரண்டும் பிழையான கருத்துகள். முதிய பூனையின் நீண்ட நகம் பெரும்பாலும் மறைந்து கிடக்கும் ஒரு நோவின் அடையாளம். அதனைக் கவனிப்பது பிராணி வைத்தியத்தின் முறையான பகுதியாக நம் நாட்டில் ஆதல் வேண்டும் என்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

நகத்தின் அமைப்பு

பூனைக்கு முன்னங்கால் ஒவ்வொன்றிலும் 5, பின்னங்கால் ஒவ்வொன்றிலும் 4, ஆக 18 நகங்கள் உண்டு. ஒவ்வொரு நகமும் விரலின் கடைசி எலும்பின்மேல் உறைபோலப் பொருந்தியுள்ளது. பூனை ஓய்ந்திருக்கும்போது, நெகிழும் இயல்புடைய நார்க்கட்டுகள் அவ்வெலும்பைப் பின்னோக்கி இழுத்து, நகத்தைத் தோல் மடிப்பினுள் வைத்திருக்கின்றன. தசை சுருங்கி அடிப்புறத் தசைநாணை இழுக்கும்போது மட்டுமே நகம் வெளியே நீள்கிறது. நடக்கும்பொழுது நகம் தரையில் தேய்வதில்லை. அதனால் அதன் கூர்மை கெடுவதில்லை.

நகத்தின் பொருள் கெராட்டின் என்னும் புரதம். நம்முடைய நகமும் மயிரும், மாட்டுக் கொம்பின் மேலுறையும் இப்பொருளால் ஆனவையே. ஆனால் வளரும் முறையில் ஒரு வேறுபாடு உண்டு. நம் நகம் தட்டையான தகடாக நுனியை நோக்கி நீள்கிறது. பூனையின் நகமோ ஒன்றன்மேல் ஒன்றாக அமைந்த உறைகளாக வளர்கிறது. வெங்காயத்தின் சருகு கழல்வதுபோல் பழைய வெளியுறை கழன்று விழ, உள்ளிருந்து கூரிய புதிய நகம் வெளிப்படுகிறது. மரத்தூணையும் கோணிப்பையையும் பூனை பிராண்டுவதற்கு, இவ்வுறையைக் கழற்றுவது ஒரு முக்கிய காரணம். முதுகையும் தோளையும் நீட்டி முறுக்குவதும், தன் வாசனையால் இடத்தை அடையாளமிடுவதும் ஏனைய காரணங்கள்.

நகத்தின் நடுவே, அடியிலிருந்து ஓரளவு தூரம்வரை, இரத்தக் குழாய்களும் நரம்பும் செல்லும் உயிருள்ள பகுதி இருக்கிறது. வெளிறிய நகத்தில் இஃது இளஞ்சிவப்பாகக் கண்ணுக்குப் புலப்படும். இதற்கு அப்பாலுள்ள நுனி உணர்ச்சியற்றது; அதனை வெட்டினால் வலியில்லை.

முதுமையில் நிகழ்வது

முதுமையில் இந்த ஒழுங்கு தவறுவதற்கு முதற்காரணம் மூட்டு நோய். அமெரிக்காவில் 12 வயதைக் கடந்த 100 பூனைகளின் எக்ஸ் கதிர்ப் படங்களை ஆராய்ந்து 2002-ஆம் ஆண்டில் வெளியிட்ட அறிக்கையில், அவற்றுள் நூற்றுக்கு 90 பூனைகளிடம் மூட்டுத் தேய்வின் அறிகுறிகள் காணப்பட்டன. படத்தில் தெரியும் தேய்வு அனைத்தும் வலி தருவதாகாது. எனினும் இவ்வளவு பரவலான ஒரு நோயைச் சாதாரண மூப்பு என்று ஒதுக்கிவிடுவதற்கில்லை.

இந்நோய் கண்ணில் படாமற்போவதற்கும் காரணம் உண்டு. நாய்க்கு ஒரு காலில் வலி தோன்றினால் அது நொண்டுகிறது. நாமும் உடனே கவனிக்கிறோம். பூனையிடம் மூட்டுத் தேய்வு பெரும்பாலும் இருபுறத்து மூட்டுகளிலும் ஒருங்கே தோன்றுவதால் அது நொண்டுவதில்லை, அசைவைக் குறைத்துக்கொள்கிறது. அலமாரிமேல் தாவுவதை விடுகிறது. முதுகைத் திருப்பி நக்கிச் சுத்தம் செய்யாமையால் இடுப்பருகே மயிர் சடை பிடிக்கிறது. பின்னங்காலை ஊன்றி, உடலை நிமிர்த்தித் தூணைப் பிராண்டுவதும் நின்றுபோகிறது. பிராண்டுதல் நின்றால் பழைய உறைகள் கழல்வதில்லை. நகம் தடித்து, நொறுங்கும் தன்மை பெற்று, கொக்கிபோல வளைகிறது. அது தோல் மடிப்பினுள் முழுவதும் அடங்காமல் நிற்பதால் படுக்கை விரிப்பிலும் சாக்கிலும் சிக்கிக்கொள்கிறது. சிக்கிய காலைப் பூனை வெடுக்கென்று இழுக்கும்போது, ஏற்கெனவே நோயுற்ற மூட்டு மேலும் நோகிறது. அதன்பின் அது இன்னும் குறைவாகவே அசைகிறது.

முன்னங்காலின் உட்புறம் கட்டைவிரல்போல் உயர்ந்து நிற்கும் ஐந்தாவது நகத்தின் நிலை இன்னும் மோசமானது. அது தரையில் படுவதேயில்லை. வட்டமாக வளைந்து வளர்ந்து பாதத்தின் மெத்தையில் புகுந்து, சீழ் பிடிக்கும்வரை வீட்டாருக்குத் தெரியாமலே இருக்கக் கூடும்.

நம் நகரங்களின் வீட்டமைப்பும் இந்நிலையை வளர்க்கிறது. ஓடும் மரமும் மண்தரையும் உள்ள வீட்டில் முதிய பூனைக்கும் பிராண்டுவதற்கு ஏதேனும் தாழ்வாகக் கிடைக்கும். மொசைக் அல்லது வழவழப்பான ஓடு பதித்த அடுக்குமாடி வீட்டில், பற்றுவதற்கு ஒன்றுமின்றி நோயுற்ற கால் வழுக்குகிறது. இதற்குரிய பரிகாரம் விலையுயர்ந்ததன்று. ஒரு சணல் சாக்கையோ தென்னைநார் மிதியடியையோ பூனை படுக்கும் இடத்தருகே தரையோடு தரையாக விரித்து வைத்தால், எழுந்து நிற்க இயலாத பூனையும் படுத்தவாறே பிராண்டும்.

செய்யத் தகாதவை

பூனைக்கு வலி என்று ஐயுற்றவுடன் வீட்டிலுள்ள மாத்திரையைக் கொடுக்கும் வழக்கம் மிகக் கொடிய விளைவைத் தரும். பாரசிட்டமால் மாத்திரை ஒன்றே பூனையின் உயிரைப் போக்கப் போதுமானது. மனிதனின் ஈரல் அம்மருந்தைப் பக்குவப்படுத்தி வெளியேற்றும் முறை பூனையின் ஈரலில் மிகவும் குறைவு. ஆதலின் அம்மருந்தின் நச்சுப்பொருள் இரத்தத்திலுள்ள செந்நிறப் பொருளை மாற்றி, பிராணவாயுவைச் சுமக்கும் ஆற்றலை அழிக்கிறது. இதே குறைபாட்டினால் கரிய பினாயில் போன்ற கிருமிநாசினிகளும் பூனைக்கு நஞ்சாகும். காயம்பட்ட பாதத்தில் அவற்றைத் தடவுவது தகாது. பூனை பாதத்தை நக்கும் இயல்புடையது.

நகத்தையே அடியோடு நீக்கும் அறுவை ஒன்று சில மேலைநாடுகளில் நெடுங்காலம் நடைபெற்றது. இதில் நகத்துடன் விரலின் கடைசி எலும்பும் வெட்டப்படுகிறது. நம் கைவிரல்களை முதற்கணுவில் துண்டிப்பதற்கு அஃது ஒப்பானது. அமெரிக்க ஐக்கிய நாடுகளில் முதன்முதலாக நியூயார்க் மாநிலம் 2019-இல் இதற்குத் தடை விதித்தது. நுனியை வெட்டுவதற்கும் இவ்வறுவைக்கும் எவ்விதத் தொடர்பும் இல்லை.

வெட்டும் முறை

முதிய பூனையின் நகத்தை வெட்டும்போது நினைவிற்கொள்ள வேண்டியது, அதன் மூட்டு வலிக்கிறது என்பதே. பூனையை மேசைமேல் தூக்கி வைப்பதும், பிடரியைப் பற்றி அமுக்குவதும், காலைப் பக்கவாட்டில் இழுப்பதும் கூடா. அது வழக்கமாகப் படுக்கும் இடத்தில், மடித்த கம்பளியின்மேல், உண்டு களைத்து உறக்கம் வரும் வேளையில் இதனைச் செய்தல் நன்று. காலை அது இருக்கும் நிலையிலேயே சிறிதளவு உயர்த்தி, விரலை மேலும் கீழுமாக மெல்ல அழுத்தினால் நகம் வெளிப்படும். நல்ல வெளிச்சத்தில் இளஞ்சிவப்புப் பகுதியைக் கண்டு, அதற்கு இரண்டு மில்லிமீட்டராவது முன்பாக நுனியை மட்டும் வெட்டுக. நகம் தடித்து உட்பகுதி தெரியாவிடின், மிகச் சிறு துணுக்குகளாகக் குறைத்தல் வேண்டும். நம்முடைய நகவெட்டி தட்டையான நகத்துக்கென அமைந்தது. பூனையின் உருண்ட நகத்தை அது நசுக்கிப் பிளக்கும். பிராணிகளுக்கென விற்கும் சிறிய கூரிய நகக் கத்தரியே ஏற்றது.

18 நகங்களையும் ஒரே வேளையில் வெட்டிவிட வேண்டும் என்னும் நியதி ஏதுமில்லை. நாளுக்கு இரண்டு மூன்று நகங்கள் போதும். பூனை காலை இழுத்துக்கொண்டால் அன்றைய வேலை முடிந்தது என்று கொள்ளலாம். உட்பகுதி வெட்டுண்டு இரத்தம் கசிந்தால், சுத்தமான பஞ்சையோ சிறிது சோளமாவையோ வைத்துச் சில நிமிடங்கள் அழுத்தினால் பெரும்பாலும் நின்றுவிடும். வெளியே சென்றுவரும் பூனைக்கு நகத்தை ஒட்ட வெட்டலாகாது. நாய்க்கு அஞ்சிச் சுவர்மேல் ஏற அதற்கு நகம் வேண்டும். கூர்முனையை மட்டும் மழுக்குவது அதற்குப் போதும்.

பூனை கீறிவிட்டால் அதனை அற்பமாக எண்ணலாகாது. ரேபீஸ் நோய் பூனையிடமிருந்தும் பரவக் கூடியது. காயத்தைச் சோப்பும் ஓடும் நீரும் கொண்டு 15 நிமிடம் கழுவி, மருத்துவரை அணுகுதல் வேண்டும்.

பாதத்தில் புகுந்துவிட்ட நகத்தை வீட்டில் பிடுங்குவது தவறு. அது மருத்துவர் வேலை. விரல்கள் வீங்கியிருப்பினும் அவ்வாறே. முதிய பூனைகளில் நுரையீரலில் தோன்றும் புற்றுநோய் விரல்களுக்குப் பரவி, நகத்தடியின் வீக்கமாகவே முதலில் வெளிப்படுவதும் உண்டு. பாதத்தை ஒழுங்காகப் பார்க்கும் வீட்டில்தான் இத்தகைய செய்தி காலத்தோடு தெரியவரும்.

மருத்துவமனைகள் செய்யத்தக்கவை

நம் நாட்டில் பிராணி வைத்தியம் ஆடுமாடுகளின் பொருட்டே வளர்ந்தது. இன்று இஸாத்நகரில் விளங்கும் இந்தியக் கால்நடை ஆராய்ச்சி நிலையம் 1889-இல் பூனாவில் தொடங்கப்பெற்றது, மாட்டுக் கொள்ளைநோய் முதலிய பெருவாரி நோய்களை எதிர்த்தே. அந்நோய் இந்தியாவில் இல்லை என 2006-இலும், உலகிலேயே இல்லை என 2011-இலும் அறிவிக்கப்பட்டன. இஃது உழவருக்கும் விஞ்ஞானிகளுக்கும் பெருமை தரும் வரலாறு. ஆனால் அதே வரலாற்றின் காரணமாக, பாலும் தராமல் உழவும் செய்யாமல் வீட்டு மூலையில் முதுமையடையும் பிராணி நம் மருத்துவமனைகளின் பார்வைக்குச் சற்று வெளியே நிற்கிறது. 'கால்நடை மருத்துவர்' என்று நாம் வழங்கும் பெயரிலேயே பூனைக்கு இடமில்லை.

இதற்கு நான் முன்வைக்கும் யோசனை எளிது. ரேபீஸ் தடுப்பூசிக்காகப் பூனையை ஆண்டுதோறும் மருத்துவமனைக்குக் கொண்டுவருவோர் பலர். அவ்வேளையில் 18 நகங்களையும் பார்த்து, அவற்றின் நிலையைத் தடுப்பூசிச் சீட்டிலேயே குறித்துவைக்க வேண்டும். தடித்து நீண்ட நகம் காணப்பட்டால் அதனை வெட்டியனுப்புவதோடு நில்லாது, மூட்டுகளைச் சோதித்தல் வேண்டும். வீட்டில் வெட்டும் முறையை உரியவருக்குச் செய்து காட்டவும் வேண்டும். மருத்துவர் இல்லாதபோது இதனை மருந்தாளரும் உதவியாளரும் கற்பிக்கலாம். கால்நடைக் கல்லூரிகளில் முதிய பிராணிகளின் பராமரிப்பு என்பது தனிப் பாடமாக அமைந்தால், மாணவர் இதனைச் சில்லறை வேலை என்று இகழமாட்டார்.

மனிதருக்கே மருத்துவ வசதி போதாத நாட்டில் பூனையின் நகத்தைப் பற்றிப் பேசுவது தகுமா என்று கேட்போர் உண்டு. கேள்வி நியாயமானதே. ஆயின் நான் கேட்பது புதிய கட்டடமுமன்று, புதிய மானியமுமன்று. சில நிமிடக் கவனம் மட்டுமே. 1960-ஆம் ஆண்டின் பிராணிகள் வதைத் தடுப்புச் சட்டம், தன் பொறுப்பிலுள்ள பிராணியின் நலனைக் காக்கவும், தேவையற்ற துன்பத்தைத் தடுக்கவும் தக்க நடவடிக்கைகளை எடுப்பது ஒவ்வொருவரின் கடமை என்று மூன்றாம் பிரிவில் கூறுகிறது. அடிப்பதும் பட்டினியிடுவதும் மட்டுமே துன்பம் என்று நாம் எண்ணிவிட்டோம். பார்க்காமல் விட்டதனால் நேரும் துன்பமும் அக்கடமைக்குள் அடங்கும் என்பது என் கருத்து.

பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் ஒரு வீட்டின் எலிகளை ஒழித்து, குழந்தைகளோடு வளர்ந்த பூனை, தன் நோவைச் சொல்லும் ஆற்றலற்றது. வாசகர்களில் அத்தகைய பூனையை வைத்திருப்போர் இன்று மாலையே அதன் முன்னங்காலை மெல்ல உயர்த்தி, உட்புறத்து ஐந்தாம் நகம் எவ்வளவு வளைந்திருக்கிறது என்று பார்க்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.