புலன் மயக்கமும் புனைவுலகும்

திணைமயக்கத்தை விலக்காத தொல்காப்பியர், நிலத்தோடு நிலம் மயங்குதல் இல்லை என்று வரம்பிட்டுச் சென்றார். மயக்கத்திற்கும் ஓர் இலக்கணம் உண்டு என்னும் இக்கருத்தை, இன்று புனைவுலகக் கதை எழுதப் புகும் இளையோர்முன் வைக்க விழைகின்றோம்.

மாணவர் நம்மிடம் படித்துப் பார்க்கத் தரும் கதைகளுள் ஒருவகை அடிக்கடி எதிர்ப்படுகின்றது. எங்குமில்லாத ஒரு நாடு. அந்நாட்டில் ஒலியைக் கேட்டார்க்கு நிறம் தோன்றும். குழல் ஊதினால் நீலம், முரசு அதிர்ந்தால் சிவப்பு, தாலாட்டுக்கு வெண்மை. கற்பனை இனிதே. ஆயின், குழலின் நீலம் அரசனுக்கும் ஆயனுக்கும் ஒரே நீலமாக இருக்கின்றது. பத்துப் பக்கம் கடந்தபின் அதே குழல் காரணமின்றிப் பச்சையாகவும் மாறிவிடுகின்றது. இரண்டும் குறையே, முன்னது பெருங்குறை என்பது நம் கருத்து.

ஏனெனில், இஃது எங்குமில்லாத செய்தி அன்று. ‘சினஸ்தீசியா’ என மருத்துவ நூலார் கூறும் இப்புலன் மயக்கம் உடையோர் நம்மிடையே வாழ்கின்றனர். ஓர் ஒலிக்குரிய நிறம் அவர்க்கு ஆண்டுகள் பல கழியினும் பெரும்பாலும் மாறுவதில்லை. ஆனால் ஒருவர் காணும் நிறத்தையே மற்றவரும் காண்பர் என்பதில்லை. உருசிய இசையறிஞர் ரிம்ஸ்கி கோர்சகோவுக்கு ‘சி மேஜர்’ வெண்மை. ஸ்கிரியாபினுக்கோ அது செம்மை. ‘டி மேஜர்’ இருவர்க்கும் மஞ்சளாய் அமைந்தது. ஸ்கிரியாபின் தம் ‘பிரமீதியஸ்’ என்னும் இசைப்படைப்பில் ஒளிக்கென்றே தனிவரி எழுதினார். 1911இல் மாஸ்கோவில் அஃது அரங்கேறியபோது வண்ண விளக்குகள் இல்லை. 1915இல் நியூயார்க்கில்தான் நிறங்கள் ஒளிர்ந்தன. (அங்கும் அவையோர் கண்டது ஸ்கிரியாபின் வகுத்த நிறங்களையே அன்றித் தம் நிறங்களை அன்று!)

நாவலாசிரியர் நபக்கோவின் இளமை நிகழ்ச்சி ஒன்று நம் நெஞ்சில் நிற்கின்றது. எழுத்துக் கட்டைகளை அடுக்கி விளையாடிய அச்சிறுவர், அவற்றின் நிறங்கள் பிழையானவை என்று தாயிடம் கூறினார். தாய் நகைக்கவில்லை. அவர்க்கும் எழுத்துதோறும் நிறம் இருந்தது. சில மகனின் நிறங்களோடு ஒத்தன. இசையொலியும் தாய்க்கு நிறமாய்த் தோன்றியது. மகனுக்கோ இசை எந்நிறத்தையும் தரவில்லை. இதனை அவரே தம் வரலாற்று நூலில் எழுதியுள்ளார். அத்தகைய தாய் வாய்க்காத பிள்ளைகள் எத்தனை பேர் நகைப்புக்கு அஞ்சி வாய்மூடி இருந்திருப்பர்! எல்லார்க்கும் ஒரே நிறம் என நாம் எழுதும்போது, கற்பனை நாட்டிலும் அவர்களுக்கு இடமில்லாமற் செய்துவிடுகின்றோம்.

டோல்கீன் மறைந்தபின் 1977இல் வெளிவந்த ‘சில்மரிலியன்’ நூலின் தொடக்கத்தில், கூடிப் பாடியோர்க்கு அவர்தம் இசையே ஓர் உலகக் காட்சியாகக் காட்டப்படுகின்றது. பாடியது இன்னதென்று அவர்கள் கண்டபின்னரே உணர்கின்றனர். நீரின்பால் உளம் செலுத்திய உல்மோ, இசையைக் குலைத்த மெல்கோரின் கடுங்குளிரால் நீர் அழிந்துபடாது வெண்பனித் துகளாய்ப் பூத்திருத்தலைக் கண்டு, தான் எண்ணியதினும் நீர் அழகியதாயிற்றே என வியக்கின்றான். நிறம் பற்றிய கதை இஃது அன்றெனினும், ஒலி காட்சியாகும் இடங்களுள் இதனினும் சிறந்த ஒன்றை நாம் படித்ததில்லை. ஒருவன் எழுப்பிய ஒலி மற்றொருவன் காட்சியினுள் புகுந்து அதனை மாற்றிவிடுகின்றது. கதை அங்கே பிறக்கின்றது.

ஒலியெல்லாம் நிறமாகும் நாட்டில் ஒரு மணியோசைக்கு இரு சாட்சிகள் இரு நிறம் கூறின், நடுவர் யாது செய்வார்? இரைச்சல் மிகுந்த சந்தையில் நிறங்கள் கண்ணை மறைக்க, வணிகன் துலாக்கோலின் நாவை எங்ஙனம் நோக்குவான்? செவிப்புலன் இல்லாதவர்க்கு அந்நாடு எத்தகையது? இவ்வினாக்களைக் கேட்காத கதையில் நிறம் வெறும் பூச்சாகவே நின்றுவிடும்.

இதற்கெல்லாம் தமிழில் சொல்வளம் போதாது என்று எவரும் சொல்லுதல் இயலாது. செய்யுளின் சந்த வேறுபாடுகளை இருபதாகப் பகுத்த தொல்காப்பியர், நிறத்தைக் குறிக்கும் ‘வண்ணம்’ என்னும் சொல்லாலேயே அவற்றையும் வழங்கினார். அடுத்த மலருக்கு மாணவர் ஒருவரேனும் இத்தகைய கதை தருதல் வேண்டும். குழலின் நிறம் பற்றித் தாயும் மகளும் இறுதிவரை உடன்படாத கதையாக அஃது இருப்பின், முதற்பக்கத்திலேயே வெளியிடுவோம்.