கடைக்காரருக்கு நன்னடத்தைப் பிணை: நம்ம நஷ்டத்துக்கு யார் பிணை?



நம்ம வெள்ளானூர் பக்கம் ஏரிப் பாசனத்தில் நெல் விளைந்த நிலம் பாதிக்கு மேல் மனைக்கல் நட்டாச்சு. மிச்சம் இருக்கிற அரை ஏக்கர், ஒரு ஏக்கரை வைத்துக்கொண்டு சொர்ணவாரி, சம்பா, நவரை என்று இழுத்துக்கொண்டு இருக்கிறோம். மேலுரம் போட வேண்டிய வாரத்தில் கடைக்குப் போனால் என்ன பதில் வருகிறது? "யூரியா இல்லை." கொஞ்சம் கெஞ்சினால், "இருக்கு, ஆனா கூடவே இந்த நுண்ணூட்ட டப்பாவும் வாங்கணும்." 45 கிலோ யூரியா மூட்டைக்கு அரசு வைத்த விலை 266 ரூபாய் 50 காசு. நாம் கொடுத்துவிட்டு வருவது எவ்வளவு என்று அவரவர் மனசுக்குத் தெரியும். பில் கேட்டால் முகம் சுளிக்கிறார்கள்.

இதெல்லாம் சட்டப்படி குற்றம். 1955-ஆம் ஆண்டு அத்தியாவசியப் பண்டங்கள் சட்டத்தின் கீழ் 1985-ல் வந்தது உரக் கட்டுப்பாட்டு ஆணை. இருப்பையும் விலையையும் பலகையில் எழுதி வைக்கணும், பில் கொடுக்கணும், அரசு விலைக்கு மேல் விற்கக்கூடாது. மீறினால் குறைந்தது 3 மாதம், அதிகபட்சம் 7 ஆண்டு சிறை. 3 மாதத்துக்குக் கீழே குறைக்க நீதிபதி சிறப்புக் காரணம் எழுத வேண்டும்.

இன்னொரு பக்கம் 1958-ஆம் ஆண்டு குற்றவாளிகள் நன்னடத்தைச் சட்டம் இருக்கிறது. முதல் தடவை தப்பு செய்தவரைச் சிறைக்கு அனுப்பாமல், 3 ஆண்டு வரை ஒழுங்காக நடப்பேன் என்று எழுதி வாங்கிக்கொண்டு வெளியே விடலாம். வியாபாரிக்கு இது பொருந்துமா என்ற வாதம் அரை நூற்றாண்டாக நடக்கிறது. உணவுக் கலப்பட வழக்கு ஒன்றில் 1972-ல் உச்ச நீதிமன்றம், 21 வயது நிரம்பாத ஒருவருக்கு இந்தச் சலுகை உண்டு என்றது. 1973-ல் பம்பாய் பாக்கு வியாபாரி ஒருவரின் வழக்கில், நீதிபதி கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு அந்தச் சலுகையை மறுத்தது. ஊர் ஜனத்தின் வயிற்றில் விளையாடுகிற குற்றத்தை மற்றதோடு சேர்க்க முடியாது என்பதே அதன் சாரம். 1976-ல் நாடாளுமன்றம் கலப்படச் சட்டத்தையே திருத்தி, 18 வயதுக்கு மேற்பட்டவருக்குக் கதவை அடைத்தது.

இன்று காற்று மறுபடி திரும்பியிருக்கிறது. 2023-ல் வந்த ஜன் விஸ்வாஸ் சட்டம் 42 சட்டங்களைத் திருத்தி, பல இடங்களில் சிறையை எடுத்து அபராதம் ஆக்கியது. நம்ம விளைபொருளுக்குத் தர முத்திரை குத்தும் 1937-ஆம் ஆண்டு அக்மார்க் சட்டமும் அதில் ஒன்று.

நம்ம நிலை என்ன? கடைக்காரர் எல்லாரையும் உள்ளே தள்ளு என்று நாம் சொல்லவில்லை. நாமும் இந்தச் சட்டத்திடம் பட்டவர்கள்தான். மாவட்டம் விட்டு மாவட்டம் நெல், அரிசி போகக்கூடாது என்றிருந்த காலத்தில், நாலு படி அரிசியை மடியில் கட்டிக்கொண்டு மதராசுக்கு ரயிலேறிய பெண்களைச் செக்போஸ்டில் பிடித்தார்கள். லாரி லாரியாகக் கடத்தியவன் தப்பித்தான். அதை மறக்கவில்லை. பலகையில் விலை எழுத மறந்த சின்னக் கடைக்காரரை ஜெயிலில் போட்டால் நம்ம பயிருக்கு ஒரு பிடி உரம் கிடைக்கப் போவதில்லை. அவருக்கு நன்னடத்தைப் பிணை கொடுக்கட்டும், சம்மதம்.

ஆனால் பதுக்கினவனுக்கும், போலி உரம் விற்றவனுக்கும் அதே பிணை என்றால் ஏற்க முடியாது. உரம் பத்து நாள் தள்ளிப்போனால் தூர் கட்டாது. போன போகத்தை எந்தக் கோர்ட்டும் திருப்பித் தராது.

பலருக்குத் தெரியாத இரண்டு விஷயம் அந்த நன்னடத்தைச் சட்டத்திலேயே இருக்கிறது. 5-வது பிரிவு: வெளியே விடும்போது, பாதிக்கப்பட்டவருக்கு இழப்பீடு கொடு என்று நீதிமன்றம் உத்தரவிடலாம். 12-வது பிரிவு: இப்படி விடப்பட்டவருக்கு, தண்டனை பெற்றால் வரக்கூடிய தகுதியிழப்பு வராது. அதாவது நம்ம நஷ்டம் பேசப்படாமலே போகும், அவர் கடை மறுநாளே திறக்கும். இதைத்தான் நாம் தடுக்க வேண்டும்.

ஆகவே நம்ம கோரிக்கைகள்:

1. முதல் தடவை, பலகை, பதிவேடு போன்ற சின்னக் குறைக்கு மட்டும் நன்னடத்தைப் பிணை.
2. அப்படி விடும் ஒவ்வொரு வழக்கிலும் 5-வது பிரிவுப்படி விவசாயிக்கு இழப்பீடு கேட்டு அரசு வழக்கறிஞர் மனு போட வேண்டும்.
3. பதுக்கல், போலிச் சரக்கு, கூடுதல் விலைக்குப் பிணை கூடாது.
4. உரிமத்தை நிறுத்திவைக்கவும் ரத்து செய்யவும் உர ஆணையே வேளாண் துறைக்கு அதிகாரம் கொடுத்திருக்கிறது. கோர்ட் முடியட்டும் என்று கைகட்டி நிற்கக் கூடாது.

நம்ம பங்கும் இருக்கிறது. பில் இல்லாமல் மூட்டையைத் தொடாதீர்கள். காலிச் சாக்கையும், விதைப் பையில் இருக்கிற சீட்டையும் அறுவடை வரை பத்திரமா வைங்க. மோசமான விதைக்கு நஷ்டஈடு கேட்டு விவசாயி நுகர்வோர் நீதிமன்றம் போகலாம் என்று 2012-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கையில் காகிதம் இல்லாட்டி எந்தச் சட்டமும் உதவாது. "நமக்கெதுக்கு வம்பு, நாளைக்கும் அவன் கடைக்குத்தானே போகணும்" என்ற பயம்தான் அவர்களுக்கு மூலதனம்.

திருவள்ளூர் ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் அடுத்த விவசாயிகள் குறைதீர் நாளுக்கு எல்லாரும் பில்லோடும் மனுவோடும் வாங்க. தனியாப் போனா மனு, சேர்ந்து போனா கோரிக்கை!

கடைக்காரருக்குக் கருணை வேண்டாம் என்று சொல்லவில்லை!
விவசாயி நஷ்டத்தில் கருணை காட்டாதே என்கிறோம்!
ஒன்றுபடுவோம்! உரிமையை வெல்வோம்!