உறுதியில எழுதாத வழி

வாப்பாவுக்கு ரோட்டோரமா 20 பேர்ச் வளவு, மகள்மார் மூணு பேர். முன்துண்டு மூத்தவளுக்கு, நடுத்துண்டு இரண்டாமவளுக்கு, பின்னால மிஞ்சினது கடைசி மகளுக்கு. மருதமுனை, கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர் என்று எந்த ஊர்ல கேட்டாலும் இந்தக் கணக்குத் தெரியாத ஆள் இல்ல. பின்வீட்டுக்காரி எப்படி ரோட்டுக்கு வருவாள்? "ராத்தாட வளவால போய் வரட்டும், அவள் மறிக்கவா போறாள்?" என்றிருப்பார் வாப்பா. உண்மைதான், ராத்தா மௌத்தாகும் வரைக்கும் மறிக்க மாட்டா. மறிக்கிறவர் ராத்தாட மருமகன்.

அவரை வில்லனாக்குறது லேசு. ஆனா அவருக்குக் காட்டின உறுதியில வழி என்று ஒரு சொல்லும் இல்ல. வீட்டோட இத்தனை பேர்ச் என்று சொல்லித்தான் கலியாணம் பேசினாங்க. அவர் தன் எல்லையில மதில் கட்டுறார். பிறகு ரெண்டு குடும்பமும் பெருநாளைக்குக்கூட முகம் பார்க்கிறல்ல. ஊர் இதுக்கு வைக்கிற பேர், "பொம்புளையள்ற பொறாமை". இந்தப் பேச்சை நாங்கள் ஏற்கவில்லை. பொறாமைக்கு முன்னமே, வளவைத் துண்டாக்கின அன்றைக்கே பிழை நடந்து முடிஞ்சுது.

எங்கட கரையோரத்துல நிலம் என்பது கிழக்கே கடலுக்கும் மேற்கே வயலுக்கும் நடுவுல கிடக்கிற ஒரு கீலம். மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வாற வழக்கம் வேற. ஆகவே ஒவ்வொரு மகளுக்கும் ஒரு வீடு வேணும், அதுவும் உம்மாட வீட்டுக்குப் பக்கத்துல. அக்கரைப்பற்றில் தங்கி ஆய்வு செய்த அமெரிக்க மானிடவியலாளர் டெனிஸ் மக்கில்வ்ரே, இங்குள்ள தமிழர், முஸ்லிம்கள் இரு பக்கத்திலும் இந்தத் தாய்வழிக் குடிமுறையையும் வீட்டுச் சீதனத்தையும் விரிவாக எழுதியிருக்கிறார். பெண்ணின் பேரில் வீடு இருப்பதில் நன்மையும் உண்டு. (சீதனத்தைப் பற்றி எங்களுக்கு வேற சண்டை இருக்கு, அது இன்னொரு நாளைக்கு.) 2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு கடலோரத்துல 65 மீட்டருக்குள்ள கட்டக்கூடாது என்றதும் இருந்த கீலமும் ஒடுங்கிப் போச்சு. கிடுகு வேலி இருந்த இடமெல்லாம் இப்ப கல் மதில். வேலியில கடவை வைக்கலாம், மதில்ல வைக்கேலுமா?

வழி விடாததுக்குக் காரணம் பேராசை மட்டுமில்ல. கணக்குப் பாருங்க. முன்னுக்கு உள்ள ரெண்டு துண்டும் சேர்ந்து 80 அடி நீளம் என்றால், 8 அடி அகல வழிக்கு 640 சதுர அடி போகும். அது 2.3 பேர்ச்சுக்கு மேல. இருக்கிறதே ஏழு பேர்ச் ஆக்களுக்கு அது சின்ன விஷயமில்ல. அதனால வாப்பாமார் மூணடி விட்டு, அதையும் வாயால சொல்லிவிட்டுப் போயிடுறாங்க. சைக்கிள் காலத்துக்கு அது போதும். இப்ப ஆட்டோ வரோணும், அம்பியூலன்ஸ் வரோணும். ஜனாஸாவைத் தூக்கிக் கொண்டு மதில் மூலையில திரும்ப முடியாம நின்றதை எங்களில் சிலர் கண்ணால பார்த்திருக்கிறோம்.

"பத்து வருஷமா நடந்த வழி, சட்டம் எங்கட பக்கம்" என்று பலர் நம்பியிருக்காங்க. 1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் பத்து வருஷப் பாவனையைப் பற்றிப் பேசுறது சரிதான். ஆனா அந்தப் பாவனை மற்றவரின் அனுமதியில நடந்ததாக இருக்கக்கூடாது. ராத்தா அன்பா "போய் வா" என்று சொல்லியிருந்தா, அது அனுமதி. அவ எவ்வளவு நல்லவவோ அவ்வளவுக்கு உங்கட வழக்கு பலவீனம்! பொலிஸ் வரைக்கும் போனா 1979ஆம் ஆண்டு ஆரம்ப நீதிமன்றச் சட்டத்தின் 66ஆம் பிரிவில வழக்கு வரும், அந்தக் கட்டளை தற்காலிகம். வேற பாதையே இல்லாத காணிக்கு "தேவை வழி" கேட்டு மாவட்ட நீதிமன்றம் போகலாம். அங்கே போய் முடியிறதுக்குள்ள மச்சான்மார்ர பிள்ளைகளும் பேச்சை விட்டிடுவாங்க.

வழியில பிணக்கு வந்தா ஏழு முழம் விடச் சொல்லும் ஹதீஸ் புகாரியிலும் முஸ்லிமிலும் இருக்கு. பத்தடிக்குக் கொஞ்சம் கூட. மதில் தகராறில ஹதீஸ் சொல்லாத ஆள் இல்ல, இதைச் சொல்லித்தான் ஆளைக் காணோம்.

எங்கட வயசுக்காரருக்கு வீட்டில காணி பிரிக்கிற பேச்சு வரக்குள்ள "பெரியாக்கள் பேசட்டும்" என்று எழும்பிப் போற பழக்கம். போகாதீங்க. வீடு யார் பேருக்கு எழுதுதோ அந்தத் தங்கச்சியும் அங்க இருக்கோணும், அவளுக்காக அவள்ற மாப்பிள்ளை இல்ல. சர்வேயர் வந்தா வழியைத் தனித் துண்டாக அளந்து, இலக்கம் போட்டு, அகலத்தை அடியில எழுதச் சொல்லுங்க. மூணு உறுதியிலும் அந்தத் துண்டின்ட இலக்கம் வரோணும். "நம்ம பிள்ளைகளுக்குள்ள என்னத்துக்கு இதெல்லாம்?" என்று வாப்பா கேட்பார். ராத்தாட மகளுக்கு இப்ப எத்தனை வயசு என்று திருப்பிக் கேளுங்க.