சேர்ந்த பிறகு மாற்றல் கிடைக்குமா?



பத்தாம் வகுப்பு மார்க் போதும். பரீட்சை இல்லை, இன்டர்வியூ இல்லை. கிராம டாக் சேவக் என்ற கிராமத் தபால் வேலைக்கு அறிவிப்பு வந்துவிட்டால் கோலார் தங்கவயலில் பல வீடுகளில் அதே பேச்சுதான். கன்னடம் ஒரு பாடமாகப் படித்த நம் பிள்ளைகளும் விண்ணப்பிக்கலாம். சந்தோஷமான விஷயம்.

ஆனால் ஆர்டர் எந்த ஊருக்கு வரும்? அஞ்சல் துறைக்குக் கர்நாடகம் முழுக்க ஒரே வட்டம். நாம் டிக் செய்யும் ஊர்களையும் மார்க்கையும் பொறுத்து பக்கத்துப் பேத்தமங்கலத்திலும் கிடைக்கலாம், தூரத்துப் பீதர் மாவட்டத்தின் ஒரு மூலையிலும் கிடைக்கலாம். "முதல்ல போய்ச் சேரு, அப்புறம் டிரான்ஸ்பர் வாங்கிக்கலாம்" என்று தைரியம் சொல்லி அனுப்பிவைக்கிறோம்.

அங்கேதான் சிக்கல். முன்பு டாக் சேவக்குகளை 'ஈ.டி.' (எக்ஸ்ட்ரா டிபார்ட்மென்டல்) என்பார்கள். உள்ளூர் வாத்தியாரோ கடைக்காரரோ தன் பிழைப்போடு சேர்த்து தினம் சில மணி நேரம் தபாலையும் பார்த்துக்கொள்வார். சொந்த ஊரிலேயே இருப்பவருக்கு மாற்றல் எதற்கு? விதிகள் அந்தக் கணக்கில் எழுதப்பட்டவை. இன்று ஆள் எடுப்பது மாநிலம் முழுக்க, ஆன்லைனில். விதிகளின் மனசு மட்டும் பழைய கிராமத்திலேயே நிற்கிறது.

இவர்கள் வகிப்பது அரசுப் பதவிதான் என்று ராஜம்மா வழக்கில் 1977-லேயே சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. ஆனாலும் நிரந்தர ஊழியர் பட்டியலில் இடம் கிடையாது. 2018 மே மாதம் தொடங்கி நாடு முழுக்க இரண்டு வாரத்துக்கு மேல் ஸ்டிரைக் நடந்த பிறகே சம்பளம் உயர்ந்தது. நான்கு மணி நேர வேலைக்குக் கிளை போஸ்ட்மாஸ்டருக்கு 12,000 ரூபாய், மற்றவர்களுக்கு 10,000; அகவிலைப்படி தனி. வேலை பார்க்கும் ஊரில் தங்க வேண்டும். கிளை போஸ்ட்மாஸ்டர் என்றால் ஆபீஸ் நடத்த இடமும் அவரே பார்க்க வேண்டும். வெளியூர்ப் பெண் ஒருத்தி வாடகை, சாப்பாடு, பஸ் சார்ஜ் போக வீட்டுக்கு என்ன அனுப்ப முடியும்?

வேலை ஒரு பக்கம், வீடு ஒரு பக்கம் என்றால் என்ன பாடு என்று நமக்குத் தெரியாதா? 2001 பிப்ரவரி 28-ல் தங்கச் சுரங்கத்தை மூடிய நாளிலிருந்து விடிகாலையில் ரயில் பிடித்து பெங்களூருக்கு ஓடுகிற ஊர் இது. பெங்களூர் என்றால் ராத்திரிக்காவது வீடு திரும்பலாம். பீதரிலிருந்து முடியுமா?

மாற்றல் கேட்க வழி இருக்கிறது. இப்போது ஆன்லைனிலேயே கேட்கலாம். ஆனால் காலியிடம் இருக்க வேண்டும். வாய்ப்புகளுக்கும் வரம்பு உண்டு. பயணச் செலவு கைக்காசு. புது இடத்தில் சீனியாரிட்டி கடைசியிலிருந்து ஆரம்பம். வேலை குறைவான ஆபீஸுக்கு வந்தால் வாங்கிய சம்பளத்தையே குறைக்கலாமா என்ற கேள்வி, மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் எர்ணாகுளம் அமர்வு வரை போயிருக்கிறது. பத்தாயிரம் ரூபாய்க்காரர் வக்கீல் வைத்து வாதாட வேண்டிய விஷயமா இது?

அஞ்சல் இலாகா பக்கமும் ஒரு நியாயம் உண்டு. எல்லோரும் சொந்த ஊருக்கே கிளம்பிவிட்டால், ஒதுக்குப்புறக் கிராமத்தில் முதியோர் பென்ஷனை யார் கொண்டுபோய்க் கொடுப்பது? மகள் பேரில் கட்டும் செல்வமகள் சேமிப்புப் பணத்தை யார் வாங்கி வரவு வைப்பது? சரி. அப்படியென்றால் ஆள் எடுக்கும்போதே பக்கத்துத் தாலுகாக்காரருக்கு முன்னுரிமை கொடுக்கலாமே. தூரத்தில் போட்டே ஆக வேண்டும் என்றால், சில வருடம் கழித்து மாற்றல் நிச்சயம், சம்பளம் குறையாது என்று எழுத்தில் கொடுக்கட்டும். நாம் கேட்பது அவ்வளவுதான்.

அதுவரை பெற்றோருக்கு ஒரு வார்த்தை. அடுத்த அறிவிப்பு வரும்போது, பிள்ளையோடு உட்கார்ந்து ஊர்ப் பட்டியலை நிதானமாகப் பாருங்கள். 'அப்புறம் பார்த்துக்கலாம்' என்று எந்த ஊரையும் டிக் செய்யாதீர்கள். கிடைத்த ஊரிலேயே பல வருடம் இருக்க முடியுமா என்று கேட்டுக்கொண்டு பட்டனை அழுத்துங்கள்.

அன்புடன்,
ஆசிரியர்