26/11-ஐக் காட்டி முள்ளிவாய்க்காலை மறைக்காதீர்கள்

மும்பை மாட்டுங்காவில் நடந்த கூட்டமொன்றில் செம்பூர் நண்பர் கேட்டார்: "26/11 பயங்கரவாதத் தாக்குதலைப் பார்த்த நாம் இலங்கையைக் குறை சொல்லலாமா? பயங்கரவாதத்தை ஒழிப்பது அந்நாட்டின் இறையாண்மை."

மும்பையையே சாட்சிக்கு அழைக்கிறார், சரி. அந்தத் தாக்குதலில் துப்பாக்கியோடு பிடிபட்ட கசாபுக்கும் இந்த நகரம் வழக்கறிஞர் தந்தது. ஆர்தர் ரோடு சிறையில் விசாரணை, பிறகு உயர் நீதிமன்றம், உச்ச நீதிமன்றம். எல்லாம் முடிந்து 2012 நவம்பரில்தான் தூக்கு. தாஜ் ஓட்டலில் விருந்தினர்கள் சிக்கியிருந்தபோது கட்டடத்தைத் தகர்க்கவா செய்தோம்? கமாண்டோக்கள் அறை அறையாக நுழைந்தார்கள்.

ஆனால் இலங்கையில் நடந்தது வேறு. 2009இல் முள்ளிவாய்க்கால் உள்ளிட்ட வன்னிப் பகுதியில், அரசே அறிவித்த பாதுகாப்பு வலயத்துக்குள் எறிகணைகள் விழுந்தன. மருத்துவமனைகளும் தப்பவில்லை. 40,000 பேர் வரை இறந்திருக்கலாம் என்றது 2011இல் ஐ.நா. நிபுணர் குழு. விடுதலைப் புலிகள் மக்களைக் கேடயமாக்கியதையும், தப்பியோடியவர்களைச் சுட்டதையும் அதே அறிக்கை சொல்கிறது. அது கொடுமைதான், மறுக்கவில்லை. ஆனால் பணயமாக நின்றவர்கள்மேல் பீரங்கியைத் திருப்ப அது எப்படி உரிமை தரும்?

இறையாண்மை என்கிறாரே, மக்களைக் காப்பது ஒவ்வோர் அரசின் பொறுப்பு என்று 2005 ஐ.நா. உச்சி மாநாட்டில் இலங்கையும் ஏற்றது. 2009 மே மாதம் ஜெனீவாவில் ஐ.நா. மனித உரிமைப் பேரவையில் இலங்கை அரசுக்கு ஆதரவாக வாக்களித்த இந்தியாவும், 1971இல் கிழக்கு வங்கத்தைப் பாகிஸ்தானின் உள்விவகாரம் என்று விட்டுவிடவில்லை.