எண்ணூறு பவுன் நாற்காலி

பி.பி.சி. 1982இல் ஒளிபரப்பிய 'தி பார்செஸ்டர் கிரானிக்கிள்ஸ்' ஏழே பகுதிகள்தான். கொலை கிடையாது, போர் கிடையாது. இங்கிலாந்தின் ஒரு பேராலய ஊரில் பாதிரிமார்கள் யாருக்கு எந்தப் பதவி, எவ்வளவு வருமானம் என்று அடித்துக்கொள்கிறார்கள். ஆனால் உட்கார்ந்தால் எழுந்திருக்க மனம் வராது.

இதை ஆலன் ரிக்மேனுக்காகத் தேடிப் பார்ப்பவர்கள் உண்டு. ஹாரி பாட்டர் படங்களின் ஸ்னேப், இதில் ஸ்லோப் என்ற இளம் பாதிரி. குழைந்து பேசியே ஊரைக் கவிழ்க்கப் பார்ப்பவர். பேராயரை ஆட்டிவைக்கும் பேராயரம்மாவாக ஜெரால்டின் மெக்யூவன். இருவரும் முட்டிக்கொள்ளும்போது சிரிப்பை அடக்க முடியாது.

எனக்குப் பிடித்த ஆள் வேறு. டொனால்ட் பிளெசன்ஸ் நடித்த ஹார்டிங். பன்னிரண்டு ஏழைக் கிழவர்கள் தங்கும் அறச்சாலைக்கு வார்டன். கதை நடக்கும் காலத்துக்கு நான்கு நூற்றாண்டுகளுக்கு முன் ஒரு கம்பளி வியாபாரி எழுதிவைத்த உயிலால் நடப்பது. நிலத்தின் வருமானம் பெருகியதில் வார்டனுக்கு ஆண்டுக்கு 800 பவுன். கிழவர்களுக்கு நாளைக்கு ஒரு ஷில்லிங் நாலு பென்ஸ். இது நியாயமா என்று வழக்குப் போடுகிறான் ஓர் இளைஞன். அவன் காதலிப்பதோ ஹார்டிங்கின் மகளை! பத்திரிகையும் அவரைப் போட்டுத் தாக்குகிறது.

வழக்கு நிற்காது என்கிறார்கள் சட்டம் தெரிந்தவர்கள். விட்டுக்கொடுக்கக் கூடாது என்று குதிக்கிறார் ஆர்ச்டீக்கன் பதவியில் இருக்கும் மூத்த மருமகன். அவராக நடிப்பவர் 'யெஸ் மினிஸ்டர்' புகழ் நைஜல் ஹாதார்ன். ஹார்டிங் லண்டனுக்கே போய்ப் பெரிய வக்கீலைப் பார்க்கிறார். மனம் தவிக்கும்போதெல்லாம் இல்லாத செல்லோவை அவர் கைகள் வாசிக்கத் தொடங்கிவிடும். வக்கீல் முன்னாலும் அதேதான். வாசித்தபடியே பதவி வேண்டாம் என்கிறார்.

சரி, கிழவர்களுக்கு என்ன கிடைத்தது? ஒரு காசும் இல்லை. ஹார்டிங் தன் கைக்காசிலிருந்து தினம் கூடுதலாகக் கொடுத்துவந்த இரண்டு பென்ஸும் போயிற்று. கேள்வி கேட்டவன் அயோக்கியன் அல்ல. பதவியை உதறியவர் முட்டாள் அல்ல. ஆனாலும் ஏழைக்குத்தான் நஷ்டம். 1855இல் ஆண்டனி ட்ரோலப் நாவலாக எழுதிய இந்தச் சங்கடத்தை, தொடர் கொஞ்சமும் பூசி மெழுகவில்லை.

ரிக்மேன் மூன்றாம் பகுதியில்தான் வருகிறார். அவருக்காக முதல் இரண்டையும் ஓட்டிவிடாதீர்கள். தொடரின் உயிர் அந்த இரண்டில்தான் இருக்கிறது.