துணை நடிகராம், துணை!

டெல்லி கணேஷ் 2024 நவம்பரில் காலமானார். அன்று டிவியில் என் காதில் விழுந்ததெல்லாம் கமலோடு நடித்தவர், ரஜினியோடு நடித்தவர் என்பதுதான். ஏன் சார், நானூறு படங்களுக்கு மேல் நடித்த மனிதரை இன்னொருவர் பெயரைச் சொல்லித்தான் அடையாளம் காட்ட வேண்டுமா?

வல்லநாட்டுக்காரர். பத்து வருடம் விமானப் படையில் இருந்தார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபா, பிறகு சென்னையில் காத்தாடி ராமமூர்த்தி குழு என்று மேடையில் பழகியவர். 1977-ல் 'பட்டினப் பிரவேசம்' படத்தில் பாலசந்தர் அறிமுகப்படுத்தினார். அதற்கு இரண்டே வருடத்தில் துரையின் 'பசி'. அதில் ரிக்‌ஷாக்காரர். நெல்லைச் சீமையில் பிறந்தவர் மெட்ராஸ் குப்பத்து மனிதராகவே மாறியிருந்தார். மகளாக நடித்த ஷோபாவுக்கு தேசிய விருது கிடைத்தது, நியாயம்தான். ஆனால் அந்த வீட்டின் வறுமை பாதி அப்பாவின் முகத்தில்தானே தெரிந்தது? தமிழக அரசு அவருக்குச் சிறப்புப் பரிசு கொடுத்தது. தேசிய விருதிலோ துணை நடிகருக்கென்று ஒரு பிரிவே அப்போது கிடையாது. 1984-ஆம் வருடப் படங்களிலிருந்துதான் அது வந்தது. நாகேஷுக்கே அந்த விருது 'நம்மவர்' (1994) படத்துக்குத்தான் கிடைத்தது. அதற்குள் அவர் நடிக்க வந்து முப்பது வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது!

'சிந்து பைரவி'யில் குடிப்பழக்கமுள்ள மிருதங்க வித்வான். 'அபூர்வ சகோதரர்கள்' படத்தில் நான்கு வில்லன்களில் ஒருவர். அடுத்த வருடமே 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் பாலக்காட்டு சமையல்காரர். சாம்பாரில் மீன் விழுந்த காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். அந்த மனிதரின் பதற்றம் நிஜமாக இல்லாவிட்டால் நமக்குச் சிரிப்பு வந்திருக்குமா? ஹீரோ நம்பும்படி இருப்பதே, எதிரில் நிற்பவர் நம்புவதால்தான். இதற்குப் பெயர் துணையா? கல்யாண வீட்டில் சமையல்காரரை 'துணை மாப்பிள்ளை' என்று யாராவது கூப்பிடுவார்களா?

ஒரு நண்பர் சண்டைக்கு வருவார். "ஹீரோவைப் பார்க்கத்தானய்யா கூட்டம் வருது? படம் படுத்தா அடி வாங்குறதும் அவர்தானே?" சரி, ஒப்புக்கொள்கிறேன். சம்பளத்தில் வித்தியாசம் இருக்கட்டும், போஸ்டரில் பெரிய முகம் அவருடையதாகவே இருக்கட்டும். என் வழக்கு அதைப் பற்றியதே இல்லை. யார் எதைச் செய்தார் என்ற பதிவு எங்கே என்பதுதான் என் கேள்வி.

முப்பத்து மூன்று வருடம் அரசாங்க ஆபீசில் குப்பை கொட்டியவன் நான். அங்கே கையெழுத்துப் போடுகிறவர் அதிகாரி. ஆனால் நோட் ஷீட்டைப் புரட்டினால், அந்த விஷயத்தை எழுதி வைத்த குமாஸ்தாவின் இனிஷியல் ஓரத்தில் தேதியோடு இருக்கும். இருபது வருடம் கழித்துப் பார்த்தாலும் இருக்கும். மந்தமானது என்று எல்லாரும் திட்டுகிற அரசாங்கத்துக்கு இருக்கும் நாணயம், கோடி கோடியாய்ப் புரளும் சினிமாவுக்கு வேண்டாமா?

நம் பெரும்பாலான படங்களில் டைட்டிலில் பெயர்கள் கூட்டமாக வந்து கூட்டமாகப் போகின்றன. எந்தப் பாத்திரத்தில் யார் என்று இருக்காது. அதையும் டிவியில் பாதியில் வெட்டி விளம்பரம் போடுகிறார்கள். வயதான நடிகரைப் பேட்டிக்குக் கூப்பிட்டால், "அந்த ஹீரோ செட்டில் எப்படி சார்?" என்பதுதான் முதல் கேள்வி. அந்தப் பாலக்காட்டுத் தமிழை எங்கே பிடித்தீர்கள், ரிக்‌ஷாக்காரரின் நடையை யாரிடம் பார்த்தீர்கள் என்று கேட்க நாதியில்லை. பதில் சொல்லக்கூடியவர்கள் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள்.

நான் கேட்பது பெரிய விஷயமில்லை. பாத்திரத்தின் பெயர், எதிரே நடிகரின் பெயர், இந்தப் பட்டியல் ஒவ்வொரு படத்திலும் சீரியலிலும் வரட்டும். டிவிக்காரர்கள் அதை வெட்டாமல் போடட்டும். பேட்டி எடுப்பவர்கள் எதிரில் உட்கார்ந்திருப்பவரின் வேலையைப் பற்றிக் கேட்கட்டும். இதற்குப் பைசா செலவில்லை. சிலை, தெருப் பெயர் எல்லாம் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.